பெட்டிக்காரன் தங்கச்சி

பங்குனி பிறந்து, மல்லாட்டை என்று ஊரில் சொல்லும் நிலக்கடலைச் செடியில் காய் திரண்டுகொண்டிருந்த சமயத்தில்தான் அடி அண்ணாமலையில் மோட்டார்கள் சொல்லிவைத்ததுபோல நின்றன.

மின்சாரம் இருந்தது. கிணற்றில் தண்ணீரும் இருந்தது. படுக்கையில் இருந்தபடியே போனை அழுத்தி மோட்டாரைப் போட்டுவிட்டு, டீ குடித்து, மெல்ல நடந்துபோய் மடை திருப்பிப் பழகிவிட்ட குடியானவர்கள் அன்று கொல்லைக்குப் போனபோது வாய்க்கால் காய்ந்து கிடந்தது. எல்லார் போனிலும் ஒரே வாசகம்: ‘உங்கள் சேவைக் காலம் முடிந்தது. புதுப்பிக்கவும்.’ மோட்டார் கொட்டகைக்குள் மாட்டியிருந்த பெட்டியில் பச்சைப் பொத்தானைக் கையால் அழுத்திப் பார்த்தார்கள். சிவப்பு விளக்கு மினுக்கியதே தவிர மோட்டார் எடுக்கவில்லை.

வெயில் ஏறுவதற்குள் பரசுராமன் வீட்டு வாசலில் கூட்டம் சேர்ந்துவிட்டது. சுப்பன்தான் முன்னால் நின்றார். தோளில் மண்வெட்டியை இறக்காமலேயே வந்திருந்தார்.

“மாறா! டேய், வெளிய வாடா.”

பரசுராமனின் மகன் மாறன் சட்டைப் பொத்தான் போட்டபடியே வந்தான். பெட்டியை விற்கும் ‘நீர்த்தோழன்’ கம்பெனியின் அடையாள அட்டை கழுத்தில் தொங்கியது.

“ஆயுசுக்கும் சல்லிக்காசு கட்ட வாணாம்னு சொல்லித்தானே பெட்டிய மாட்டுன? அது யாரு ஆயுசுடா? மல்லாட்ட ஆயுசா?”

“ஆபீசுல பேசிக்கினு இருக்கேன் மாமா. சாயங்காலத்துக்குள்ள சரியாயிடும்.”

“பழைய ஸ்டார்ட்டரயாவது குடு. மாட்டிக்கினு போறோம்.”

புதுப் பெட்டி மாட்டும்போது பழைய ஸ்டார்ட்டரைக் கழற்றி வாங்கிக்கொள்வது கம்பெனியின் ஏற்பாடு. லாரி வந்து எல்லாவற்றையும் அள்ளிப் போய் வருஷம் ஒன்றாகிவிட்டது. அந்த லாரியில் ஏற்றிவிட்டவர்களில் சுப்பனும் ஒருவர்.

வீட்டின் பக்கவாட்டு அறையிலிருந்து மாறனின் தங்கை கவிநிலா இதைப் பார்த்துக்கொண்டிருந்தாள். முன்பு மல்லாட்டை மூட்டை அடுக்கிய அறை அது. இப்போது சுவர் முழுக்கக் கோணிச் சாக்கும் பழைய மெத்தையும் தொங்கின, குரல் எதிரொலிக்காமல் இருப்பதற்காக. நடுவில் ஒரு மேசை, மைக், கணினி. பதிவு செய்யும்போது மின்விசிறியை நிறுத்திவிடுவாள். வேர்த்துக் கொட்டும். மயில் அகவினால் நிறுத்தி, அது ஓய்ந்தபின் மறுபடி தொடங்குவாள். பௌர்ணமியன்று மைக்கைத் தொடுவதே இல்லை. கிரிவலப் பாதையில் போகிற ஜனத்தின் இரைச்சல் எந்தச் சாக்கையும் துளைத்துக்கொண்டு வந்துவிடும்.

அவள் நடத்தும் பாட்காஸ்டுக்குப் பெயர் ‘பொத்தான்’. சென்னையில் புதுப் போன்களைப் பற்றி எழுதும் ஓர் இணையதளத்தில் சில வருஷம் வேலை பார்த்தாள். விளம்பரம் கொடுத்த கம்பெனி ஒன்றின் போன் சார்ஜ் ஏறும்போது பேட்டரி உப்பிவிடுகிறது என்று எழுதினாள். அந்தக் கட்டுரை வந்த அன்றே காணாமல் போயிற்று. ஏன் என்று கேட்டாள். ‘நீ எழுதினது தப்பில்லம்மா, போட்ட இடம்தான் தப்பு’ என்றார் ஆசிரியர். அப்படியென்றால் இடத்தை நானே உண்டாக்கிக்கொள்கிறேன் என்று பெட்டி படுக்கையோடு ஊர் வந்துவிட்டாள். மண் வேலை செய்த விரலின் ரேகையை எந்திரம் ஏன் ஏற்பதில்லை, பௌர்ணமிக்கு லாட்ஜ் அறை என்று போலிப் பக்கம் வைத்து ஏமாற்றுகிறவன் யார், இலவசச் செயலி நம்மிடம் எதை எடுத்துக்கொள்கிறது. இப்படியே வாரம் ஒன்றாகப் பேசினாள். எங்கெங்கோ இருந்து கேட்டார்கள். கேட்கிறவர்கள் அனுப்புவதும், செங்கம் ரோட்டில் ஆசிரமத்துப் பக்கம் வாடகைக்குத் தங்கியிருக்கும் வெளிநாட்டுக்காரர்களின் தியானப் பேச்சுகளை வெட்டி ஒட்டிக் கொடுப்பதில் வருவதும் சேர்ந்து அவள் பிழைப்பு நடந்தது.

நீர்த்தோழன் பெட்டியைப் பற்றி மட்டும் அவள் ஒரு வார்த்தை பேசியதில்லை. அண்ணன் ஏஜெண்டாகச் சேர்ந்த அன்றே சொல்லிவிட்டாள்: “நீ விக்கற பொருள நான் நல்லாருக்குன்னும் சொல்ல மாட்டேன், நல்லால்லன்னும் சொல்ல மாட்டேன்.” அப்போது அது நேர்மையாகத்தான் பட்டது. இப்போது வாசலில் நின்ற கூட்டத்தைப் பார்க்கையில் அப்படிப் படவில்லை.

கூட்டம் கலைந்ததும் கையடக்க ஒலிப்பதிவுக் கருவியை எடுத்துத் தோள்பையில் போட்டுக்கொண்டு கிளம்பினாள். பலகாரம் விற்கும் தன் திண்டிக்கடைக்கு மாவு எடுத்துக்கொண்டிருந்த அம்மா ரேணுகாம்பாள் கேட்டாள்:

“எங்கடி கெளம்பிட்ட?”

“கொல்லைப் பக்கம்மா.”

“வாணாம்டி பாப்பா. இன்னிக்கு ஒரு நாளாச்சும் சொம்மா இரு.”

அவள் நின்று அம்மாவைப் பார்த்தாள். பிறகு போய்விட்டாள்.

*

கன்னியம்மாளின் சம்பங்கித் தோட்டம் மலையின் மேற்குச் சரிவைப் பார்த்தபடி இருந்தது. கொட்டகையை நெருங்கும்போதே கருகிய வார்னிஷ் வாடை அடித்தது. அந்தம்மாள் வாசற்படியில் காலை நீட்டி உட்கார்ந்திருந்தாள். நேற்றே பூ வாடத் தொடங்கியிருந்ததால், காலையில் மோட்டார் நின்றதும் யாரையோ பிடித்துப் பெட்டியைக் கழற்றி, ஒயரை நேராக மோட்டாருக்குக் கொடுத்திருக்கிறாள். மூன்று ஃபேஸ் மின்சாரத்தில் ஒன்று விட்டுப்போன நேரம். பழைய ஸ்டார்ட்டர் இருந்திருந்தால் தானாக மோட்டாரை நிறுத்தியிருக்கும். எதுவுமில்லாததால் மோட்டாருக்குள்ளிருக்கும் செம்புக் கம்பிச் சுருளான காயில் எரிந்துவிட்டது.

கவிநிலா கருவியை வெளியே எடுத்ததும் கன்னியம்மாள் முகத்தைத் திருப்பிக்கொண்டாள்.

“நீ பெட்டிக்காரன் தங்கச்சிதானே? எங்கிட்ட இன்னாத்துக்கு மைக்க நீட்டற? உங்க ஊட்ல நீட்டு.”

“நீட்டுவேன் அத்த. மொதல்ல உங்களக் கேக்கணும்.”

“கேட்டு?”

“எல்லாரும் கேக்கறா மாதிரி போடுவேன்.”

“போட்டா மோட்டார் ஓடுமா?”

“தெரியாது அத்த.”

கன்னியம்மாள் இப்போதுதான் அவளை நிமிர்ந்து பார்த்தாள். “காலைலருந்து எல்லாரும் சாயங்காலம் ஓடும், நாளைக்கு ஓடும்னே சொல்லிக்கினு இருக்கானுங்க. தெரியாதுன்னு சொன்னது நீ ஒருத்திதான். குந்து.”

கவிநிலா தரையில் உட்கார்ந்தாள். கன்னியம்மாள் பேசினாள். புருஷன் போனபின் பெண் பிள்ளையைப் படிக்கவைத்தது இந்தப் பூ. விடியலில் பறித்து, ஈரத் துணியில் சுற்றி, கோயில் பக்கத்துப் பூக்கடைக்கு அனுப்புவது. ராத்திரியில் தனியாகக் கிணற்றுப் பக்கம் போக வேண்டாமே என்றுதான் பெட்டி மாட்டினாள். “மாறன் நல்ல புள்ளதான். அதையும் சொல்லிடு. அவன் மூஞ்சப் பாத்துத்தான் மாட்டுனேன். கம்பெனி மூஞ்ச நான் எங்க பாத்தேன்?”

பொழுது சாய்வதற்குள் இன்னும் சில கொட்டகைகளுக்குப் போனாள். ஒருவர் பேச மறுத்தார். ஒருவர் மாறனைத் திட்டுவதையே பதிவு செய்யச் சொன்னார். அதையும் முகம் மாறாமல் பதிவு செய்துகொண்டாள்.

*

அன்று இரவுச் சாப்பாட்டுக்குக் களியும் மல்லாட்டைச் சட்னியும். கம்பெனி சாயங்காலத்துக்குள் சரிசெய்யவில்லை. மாறாக ஏஜெண்டுகளுக்கு ஒரு செய்தி வந்திருந்தது. வருஷக் கட்டணம் கட்டுகிறவர்களின் பெட்டி உடனே திறக்கும். அதிகம் பேரைக் கட்டவைக்கும் ஏஜெண்டுக்கு மாவட்டப் பொறுப்பு.

மாறன் களியை உருட்டிக்கொண்டே இருந்தான், விழுங்கவில்லை.

“சாப்புடுடா,” என்றாள் ரேணுகாம்பாள். “போளூர்க்காரங்க இன்னிக்குப் போன் பண்ணாங்க. வைகாசில நாள் பாக்கலாமான்னு கேட்டாங்க.”

முப்பத்து நாலு வயதில் அவனுக்குப் பெண் அமைந்ததே அந்த அடையாள அட்டையால்தான். அதற்கு முன் வந்த இடமெல்லாம் ‘பையன் இன்னா பண்றாரு?’ என்று கேட்டு, ‘வெவசாயம்’ என்றதும் டீயைக் குடித்துவிட்டு எழுந்து போயின. போளூர்ப் பக்கத்து அபிநயா வீட்டில்தான் மாசியில் சாப்பிட்டுக் கை நனைத்து, சம்பந்தத்தை உறுதிசெய்துவிட்டு வந்தார்கள்.

“நிலா கொட்டா கொட்டாவாப் போய்க் கேட்டுக்கினு இருந்தாளாமே,” என்றார் பரசுராமன். அவர் யாரையும் பார்த்துச் சொல்லவில்லை. சட்னிக் கிண்ணத்தைப் பார்த்துச் சொன்னார்.

“ஆமாம்பா.”

“ஊரே அவன் மேல ஏறிக்கினு இருக்குது. நீயும் ஏறுனா அவன் எங்கம்மா போவான்?”

“நான் அவன் மேல ஏறலப்பா. கம்பெனியக் கேக்கறேன்.”

“கம்பெனி எங்கியோ கீது. இவன் இங்க கீறான். கல்லு இவன் மேலதான் வுழும்.”

“நான் வாயத் தொறக்கலன்னா மட்டும் வுழாதா? இன்னிக்குக் காலைல வுழலியா?”

“நம்ம மல்லாட்டையும்தான் காயுது,” என்றாள் ரேணுகாம்பாள். “அத்த யாராச்சும் பாக்கறீங்களா? பேசிக்கினே இருங்க.”

மாறன் கையைக் கழுவிக்கொண்டு எழுந்து வெளியே போனான்.

*

மறுநாள் விடியற்காலையில் பரசுராமன் எங்கிருந்தோ வாடகைக்கு ஆயில் எஞ்சின் பிடித்துவந்தார். அண்ணனும் தங்கையும் கொல்லையில் இறங்கினார்கள். எஞ்சின் கிணற்று மேட்டில் புகை கக்கியது. ஓஸ் குழாயில் வந்த தண்ணீர் மடைக்கு மடை ஊர்ந்தது. கவிநிலா பாத்தியைத் திறக்க, மாறன் மண்வெட்டியால் முந்தினதை அடைத்தான். செடிகளின் இலை உச்சிவெயிலில் வாடிப்போவதுபோல விடியலிலேயே வாடியிருந்தது. அவள் ஒரு செடியைப் பிடுங்கிப் பார்த்தாள். காய் பிஞ்சாக, பால் கட்டாமல் இருந்தது.

வெயில் சுள்ளென்று ஏறியதும் எஞ்சினை நிறுத்தினார்கள். காது இரைந்தது. புங்க மரத்தடியில் உட்கார்ந்து தூக்குவாளியிலிருந்த கூழைக் குடித்தார்கள். மாறன் வெங்காயத்தைக் கடித்துக்கொண்டே சொன்னான்:

“இது தானா நின்னுது இல்ல நிலா.”

ஆள் பேசத் தொடங்கும்போது குறுக்கே போகக் கூடாது என்பது அவள் தொழிலில் கற்றது.

“மாசில வேலூர்ல மீட்டிங்னு கூப்டாங்க இல்ல? ஓட்டல்ல. ஏரியா மேனேஜர் ஆதவன்தான் பேசனாரு. திரையில ஒரு படம் போட்டாரு. எந்தத் தாலுக்காவுல இன்னா பயிரு, யாரு எவ்ளோ நேரம் தண்ணி பாய்ச்சறாங்க, எப்ப காய் புடிக்கும்னு. எல்லாம் நம்ம பெட்டி அனுப்புன கணக்குதான். அத்தக் காட்டி, ‘தண்ணி ஜாஸ்தி தேவப்படற வாரத்துல நிறுத்திட்டுக் கேட்டா, ஒருத்தனும் மாட்டேன்னு சொல்ல மாட்டான்’னாரு. எல்லாரும் கை தட்டுனாங்க.”

“நீ?”

மாறன் வெங்காயத்தைத் தூர எறிந்தான்.

“நானும் தட்டுனேன்.”

மலைமேல் மேகம் ஒன்று இல்லை. பாறை வெயிலில் வெளுத்துக் கிடந்தது.

“தெரிஞ்சிருந்தும் ஊர்ல யாருக்கும் சொல்லலியா ணா?”

“சொம்மா பேச்சுக்குச் சொல்றாங்கன்னு நெனச்சேன். நம்ம ஊருக்குச் செய்ய மாட்டாங்கன்னு நெனச்சேன். இன்னான்னு நெனச்சனோ... போளூர்ல கை நனைச்சிட்டு வந்த வாரம் அது. வேலைய உட முடியுமா அப்ப?”

அவளுக்குக் கோபம் வந்தது. கன்னியம்மாள் கொட்டகையின் கருகல் வாடை இன்னும் மூக்கில் இருந்தது. ஆனால் திட்டினால் அவன் மூடிக்கொள்வான் என்று தெரியும்.

“இத்த மைக்ல சொல்லுவியா?”

“எம்பேரச் சொல்லச் சொல்றா மாதிரி லேசாக் கேக்கற. சொன்னா வேல போயிடும். வேல போனா...” அவன் முடிக்கவில்லை. “பேர மறைச்சிப் போட முடியாதா?”

“போடலாம். ஆனா உங்கொரல் ஊருக்கே தெரியும். கொரலையும் மாத்திட்டா, யாரோ சொல்றான்னு கம்பெனி தொடச்சிட்டுப் போயிடும்.”

“அப்ப வாணாம்.”

“சரி.”

அவள் மேற்கொண்டு வற்புறுத்தவில்லை. எழுந்து எஞ்சினைச் சுற்றிவிட்டாள்.

*

அண்ணன் பேசாவிட்டாலும் கேட்டது கேட்டதுதான். மற்ற ஏஜெண்டுகளின் எண்களைத் தேடிப்பிடித்தாள். கலசப்பாக்கத்துக்காரர் வேலூர் என்றதும் போனை வைத்தார். விழுப்புரம் பக்கத்து ஆள் ஒருவர் நெடுநேரம் இழுத்துவிட்டு, ‘ஆமா, சொன்னாங்க. என் பேரு வரக் கூடாது’ என்றார். தங்கள் கொட்டகைப் பெட்டியைக் கழற்றி உள்ளே பார்த்தாள். இந்த வேலை தெரிந்த நண்பர் ஒருவருக்குப் படம் அனுப்பிக் கேட்டாள். கையால் அழுத்தும் பொத்தானும்கூட கம்பெனியின் அனுமதி இல்லாமல் வேலை செய்யாதபடி கட்டப்பட்டிருப்பது உறுதியாயிற்று. பிறகு உட்கார்ந்து கம்பெனிக்குக் கேள்விகளை எழுதினாள். வேலூர்க் கூட்டத்தில் அப்படிச் சொன்னது உண்டா? பொத்தானை ஏன் பூட்டினீர்கள்? எரிந்த மோட்டாருக்கு யார் பொறுப்பு? மூன்று நாளில் பதில் வேண்டும் என்று முடித்து அனுப்பினாள்.

கடிதத்துக்குப் பதில் வரவில்லை. கார் வந்தது.

ஆதவன் இளவயதுக்காரர். வெள்ளைச் சட்டை, மெல்லிய சிரிப்பு. கையில் பழத்தட்டும் இனிப்புப் பெட்டியும். பார்த்தால் நிச்சயதார்த்தத்துக்கு வந்தவர்போல இருந்தது. ரேணுகாம்பாள் நாற்காலி போட்டு, மோர் கொடுத்தாள். பரசுராமன் தூணில் சாய்ந்து நின்றுகொண்டார்.

“உங்க நிகழ்ச்சிய நான் விரும்பிக் கேக்கறவன் மேடம்,” என்றார் ஆதவன். “கிராமத்துல உக்காந்து இவ்வளவு நல்லா டெக்னாலஜி பேசறது பெரிய விஷயம். உண்மையச் சொன்னா, எங்க கம்பெனியே உங்க நிகழ்ச்சிக்கு விளம்பரதாரரா இருக்கணும்னு ஆசைப்படறோம். வருஷம் முழுக்க.”

“நான் கேட்ட கேள்விக்குப் பதில் கொண்டாந்தீங்களா சார்?”

“அது ஒரு தொழில்நுட்ப மாற்றம். அதுல வந்த சின்ன குழப்பம். மாறனுக்கும் நல்ல செய்தி இருக்கு. மாவட்டப் பொறுப்பு அவருக்குத்தான்னு முடிவாயிடுச்சு.”

ரேணுகாம்பாள் காலி டம்ளரை வாங்கிக்கொண்டே கேட்டாள்: “பெட்டி எப்ப ஓடுங்க?”

“அம்மா, புதுப்பிச்சா உடனே...”

“அத்தக் கேக்கல. சும்மா எப்ப ஓடும்?”

ஆதவன் சிரித்தார். அந்தச் சமயம் மாறன் கொல்லையிலிருந்து வந்தான். முழங்கால் வரை சேறு. அவன் காரைப் பார்த்தான், பழத்தட்டைப் பார்த்தான். வாசல் தொட்டியில் கால் கழுவக்கூட இல்லை.

“வாங்க மாறன். உங்களப் பத்திதான் பேசிட்டிருந்தோம்.”

மாறன் கழுத்திலிருந்து அடையாள அட்டையைக் கழற்றி, இனிப்புப் பெட்டியின் மேல் வைத்தான்.

“நிலா, அந்த மிஷினப் போடு.”

“ணா, நல்லா யோசிச்சுக்கோ.”

“ஆறு நாளா யோசிச்சிக்கினுதான் இருக்கேன். போடு.”

அவள் கருவியைக் கொண்டுவந்து நாற்காலிகளுக்கு நடுவே முக்காலியில் வைத்தாள். ஆதவனைப் பார்த்துத் தெளிவாகச் சொன்னாள்: “சார், இது இப்ப பதிவாவுது. நீங்க பேசறதும் பதிவாவும். இஷ்டமில்லன்னா நீங்க கெளம்பலாம். எங்க அண்ணன் பேசப் போறான்.”

ஆதவன் கிளம்பவில்லை. “மாறன், குடும்பஸ்தனாகப் போறீங்க. பார்த்துப் பேசுங்க,” என்றார்.

மாறன் தன் பெயரைச் சொன்னான். ஊரைச் சொன்னான். நாக்கு வறண்டு இரண்டு முறை நிறுத்தினான். பரசுராமன் உள்ளே போய்ச் சொம்பில் தண்ணீர் கொண்டுவந்து மகன் கையில் கொடுத்தார். பிறகு வேலூர் ஓட்டல், திரையில் போட்ட படம், காய் பிடிக்கிற வாரம் எல்லாவற்றையும் மாறன் கோவையில்லாமல், ஆனால் விடாமல் சொன்னான்.

ஆதவனுக்கு முகம் சிவந்தது. “இப்ப நல்லவன் மாதிரி பேசறீங்களே. நான் அதைச் சொன்னப்போ நீங்களும்தானே கை தட்டினீங்க?”

தொழுவத்தில் மாடு தலையை உதறும் சத்தம் கேட்டது. தான் சொன்னது என்னவென்று ஆதவனுக்குப் புரியக் கொஞ்ச நேரம் ஆயிற்று. அவர் முக்காலியின் மேலிருந்த கருவியின் சின்ன விளக்கைப் பார்த்தார்.

“தட்டுனேங்க,” என்றான் மாறன். “அதான் நானே சொல்றேன்.”

ஆதவன் எழுந்து காருக்குப் போனார். ரேணுகாம்பாள் பழத்தட்டையும் இனிப்பையும் தூக்கிக்கொண்டு பின்னாலேயே போய்க் கார் சன்னல் வழியாக உள்ளே வைத்துவிட்டு வந்தாள். அடையாள அட்டையும் அதன் மேலேயே போயிற்று.

*

‘மாறன் என் கூடப் பிறந்த அண்ணன். அத மொதல்லயே சொல்லிடறேன். அவன் வித்த பெட்டிதான் எங்க ஊர்ல நின்னு போனது.’ அந்த வாரப் ‘பொத்தான்’ இப்படித் தொடங்கியது. கன்னியம்மாள் பேசினாள். மாறனைத் திட்டியவரின் திட்டும் அப்படியே வந்தது. ஆதவனின் ஒரு வாக்கியமும் வந்தது.

வெளியிட்ட இரண்டாம் நாள் அது இணையத்திலிருந்து நீக்கப்பட்டது. தங்கள் அலுவலரின் குரலை அனுமதியின்றிப் பயன்படுத்தியதாகக் கம்பெனி புகார் கொடுத்திருந்தது. கவிநிலா பதிவு தொடங்கும்போது தான் சொன்னதை அப்படியே எழுதி மறுப்பு அனுப்பினாள். எந்திரம் எழுதியதுபோல ஒரு பதில் வந்தது: ‘பரிசீலனையில் உள்ளது.’ சென்னையில் கட்டுரை காணாமல் போன அன்று அறைக்குப் போய்க் குப்புறப் படுத்து அழுதது ஞாபகம் வந்தது. இப்போது அழுகை வரவில்லை. ‘இந்த இடம் என்னுடையது’ என்று சொல்லிக்கொண்டு கோப்பைத் தன் சொந்தப் பக்கத்தில் ஏற்றினாள். வாட்ஸப்பில் அனுப்பத் தோதாகச் சிறியதாகவும் வெட்டினாள். சுப்பன் தனக்குத் தெரிந்த எல்லாக் குழுக்களிலும் போட்டார். செங்கம் ரோட்டு ஆட்டோ ஸ்டாண்டில் ஓடியது. டீக்கடையில் ஓடியது. தர்மபுரி, சேலம் பக்கத்திலிருந்தெல்லாம் எங்க பெட்டியும் நின்னுபோச்சு என்று குரல் செய்திகள் வந்து குவிந்தன.

கலெக்டர் ஆபீசில் விவசாயிகள் குறைதீர் கூட்டத்துக்குக் கன்னியம்மாள் கருகிப்போன காயிலைப் பையில் போட்டு எடுத்துப்போனாள். ‘பேசத் தெரியுமா அத்த?’ என்று மாறன் கேட்டதற்கு, ‘உன் தங்கச்சிகிட்ட ஒரு வாட்டி பேசிப் பழகிட்டேன்’ என்றாள்.

அடுத்த வாரம் ஒரு காலையில், எந்த அறிவிப்பும் இல்லாமல், பெட்டிகளில் பச்சை விளக்கு எரிந்தது. தாமதந்தான். மேட்டுக் கொல்லைகளில் பாதிக் காய் பொக்கையாகிவிட்டது. கன்னியம்மாளின் மோட்டாரைப் பற்றிக் கம்பெனி வாயே திறக்கவில்லை. மாறன் அதை வண்டியில் ஏற்றி டவுனுக்குக் கொண்டுபோய், காயில் கட்டி முடியும்வரை பட்டறையிலேயே இருந்து, திரும்பக் கொண்டுவந்து இறக்கிக் கொடுத்தான். அந்தம்மாள் கூடையிலிருந்து ஒரு கை சம்பங்கியை அள்ளி, அம்மாவுக்குக் கொடு என்றாள்.

போளூரிலிருந்து, ஆடி போகட்டும் பார்க்கலாம் என்று சேதி வந்தது. அதற்கு என்ன அர்த்தம் என்று எல்லாருக்கும் தெரியும். ரேணுகாம்பாள் முந்தானையால் கண்ணைத் துடைத்துக்கொண்டு மாவாட்டப் போனாள். மாறன் அன்று முழுக்கக் கொல்லையை விட்டு வரவில்லை. பொழுது இறங்கியபின் கவிநிலா தேடிக்கொண்டு போனாள்.

“என்மேல கோவமா ணா?”

“உன்மேல இன்னாத்துக்கு?” அவன் மடையை அடைத்துவிட்டு நிமிர்ந்தான். “வருத்தம் இருக்குது. இல்லன்னு சொல்ல மாட்டேன். ஆனா இப்ப ஊருக்குள்ள தலயத் தூக்கிக்கினு நடக்கறேன். அது அந்த அட்ட மாட்டிக்கினு நடந்தப்பக்கூட இல்ல.”

மறுநாள் சுப்பன் மல்லாட்டைச் செடிக் கத்தையோடு வீட்டுக்கு வந்தார்.

“ஓடிடுச்சில்ல பாப்பா. இத்தோட உட்டுடு. பெரிய எடத்துப் பொல்லாப்பு நமக்கு வாணாம்.”

“ஓட வெச்சது யாரு மாமா?”

“கம்பெனிதான்.”

“நிறுத்துனது?”

சுப்பன் தலையைச் சொறிந்துகொண்டார்.

“நம்ம கெணறு, நம்ம மோட்டாரு. பொத்தான் மட்டும் அவங்க கையில கீது. அது நம்ம கைக்கு வர்ற வரிக்கும் நான் கேட்டுக்கினுதான் இருப்பேன். நீங்க வேணா உட்டுடுங்க.”

சுப்பன் செடிக் கத்தையைக் கீழே போட்டுவிட்டு வெற்றிலையைத் துப்பினார். “அப்ப நாளைக்கு எங்கொட்டாவுக்கு வா,” என்றார். “நானும் பேசறேன். போன தடவ நான் பேசல இல்ல.”

அவர் போனதும் அவள் அறைக்குள் நுழைந்து மின்விசிறியை நிறுத்தினாள். நீக்கப்பட்ட நிகழ்ச்சி இன்னும் பரிசீலனையில்தான் இருந்தது. மறுபடி ஒரு கடிதம் எழுதி அனுப்பிவிட்டு, அரூர்ப் பக்கத்திலிருந்து குரல் செய்தி அனுப்பியிருந்த ஒருவரின் எண்ணை அழுத்தினாள். அங்கே கரும்பாம். பெட்டிகள் இன்னும் திறக்கவில்லையாம். மூன்றாவது மணியில் எடுத்தார்.

“வணக்கங்க. திருவண்ணாமலைலருந்து கவிநிலா பேசறேன். நீங்க பேசறது பதிவாவுது, பரவால்லீங்களா?”

“ஆவட்டுங்க. அதுக்குத்தான் காத்துக்கிட்டிருக்கேன்.”

“கடைசியா எப்பங்க தண்ணி பாய்ச்சினீங்க?”

அவர் சொல்லத் தொடங்கினார். கவிநிலா கதவைச் சாத்திவிட்டு வந்து உட்கார்ந்து, நெற்றியில் வழிந்த வேர்வையைத் துடைக்காமல் கேட்டுக்கொண்டிருந்தாள்.